லீ பிங்-பின் ஒளிப்பதிவு: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

நண்பர்கள் சிலர் சேர்ந்து அவ்வப்போது படம் போட்டுப் பார்க்கிறோம். தைவான் படமோ ஹாங்காங் படமோ போட்டால், முடிந்ததும் பேச்சு கதையை விட்டு வெளிச்சத்துக்குப் போய்விடும். அங்கிருந்து பெரும்பாலும் ஒரே பெயரில் வந்து நிற்கும்: லீ பிங்-பின். புதிதாக வருகிறவர்களும் அதே சந்தேகங்களைக் கேட்பதால் எல்லாவற்றையும் ஓரிடத்தில் எழுதி வைக்கிறேன். கேள்விகள் கேட்டவர்களின் சொற்களிலேயே இருக்கின்றன.

லீ பிங்-பின் யாரு? அவர் எடுத்த படம் எதையாவது நான் பார்த்திருப்பேனா?

அநேகமாகப் பார்த்திருப்பீர்கள். குறுகலான மாடிப்படியில் மேகி சியூங் நூடுல்ஸ் வாங்கப் போவதும், எதிரே டோனி லியூங் வருவதும், தெருவிளக்கின் கீழ் மழை பெய்வதும் நினைவிருக்கிறதா? அந்த 'இன் தி மூட் ஃபார் லவ்' (2000) படத்தின் ஒளிப்பதிவாளர்களில் இவர் ஒருவர். அதில் இவர் பங்கு எவ்வளவு என்பது தனிக் கேள்வி, கீழே வருகிறது.

1954-இல் தைவானில் பிறந்தவர். 1980-களிலிருந்து இடைவிடாமல் வேலை செய்கிறார். எழுபதுக்கும் மேற்பட்ட படங்கள். தைவான் இயக்குநர் ஹோ ஷியாவ்-ஷியெனின் முக்கியமான படங்களில் பெரும்பாலானவை இவர் கேமராவில் உருவானவை.

இவர் பேரு ஏன் ஒவ்வொரு படத்துலயும் ஒவ்வொரு மாதிரி வருது?

லீ பிங்-பின், லீ பிங்-பிங், மார்க் லீ, மார்க் லீ பிங்-பிங், பிங் பின் லீ என்று டைட்டிலில் பல விதமாக வரும். எல்லாம் ஒருவரே. தேடும்போது 'மார்க் லீ' என்றும் போட்டுத் தேடுங்கள், இல்லாவிட்டால் பாதிப் படங்கள் கண்ணில் படாது.

சீனாக்காரரா, தைவான்காரரா? சீன மொழிப் படம்னா எல்லாம் ஒண்ணுதானே?

தைவான்காரர். தைவான், ஹாங்காங், சீனா மூன்றிலும் சினிமாத் தொழில் தனித்தனியாக வளர்ந்தது. முதலீடு, தணிக்கை, பேசும் மொழி எல்லாமே வேறு. தைவான் படங்களில் மாண்டரினோடு தைவானிய மொழியும் ஹக்காவும் கலந்து வரும். ஹாங்காங்கில் கான்டனீஸ். ஆனால் தொழிலாளர்கள் இந்த எல்லைகளைத் தாண்டிப் போய் வந்தார்கள்.

லீ மூன்று இடங்களிலும் வேலை செய்தவர். ஹாங்காங்கில் ஆன் ஹுய் இயக்கிய 'சம்மர் ஸ்னோ' (1995), சீனாவில் தியான் ஜுவாங்ஜுவாங் இயக்கிய 'ஸ்பிரிங்டைம் இன் எ ஸ்மால் டவுன்' (2002), சூ ஜிங்லெய் இயக்கிய 'லெட்டர் ஃபிரம் அன் அன்னோன் வுமன்' (2004) ஆகியவை இவர் எடுத்தவை. சீன மொழி சினிமா என்ற பொதுப்பெயருக்குள் இவ்வளவு பரவலாக வேலை செய்த ஒளிப்பதிவாளர்கள் மிகக் குறைவு.

எப்படி சினிமாவுக்கு வந்தார்? ஃபிலிம் ஸ்கூலா?

1977-இல் சென்ட்ரல் மோஷன் பிக்சர் கார்ப்பரேஷனில் சேர்ந்தார். தைவானின் அன்றைய ஆளுங்கட்சியான கோமிந்தாங்குக்குச் சொந்தமான பெரிய ஸ்டுடியோ அது. உதவியாளராக இருந்து வேலை கற்றுக்கொண்டு மேலே வந்தார்.

அவர் வந்த காலம் முக்கியம். 1980-களின் தொடக்கத்தில் அதே ஸ்டுடியோ, சரிந்துகொண்டிருந்த வசூலைத் தூக்கி நிறுத்த இளைஞர்களுக்குச் சிறிய பட்ஜெட்டில் வாய்ப்புக் கொடுத்தது. 'தைவான் புதிய அலை' என்று பின்னர் பெயர் பெற்றது அதுதான். காசு கம்மி, செட்டு கம்மி, பெரிய நட்சத்திரங்கள் கிடையாது. தெருவிலும் நிஜ வீடுகளிலும் போய் எடுக்க வேண்டிய கட்டாயம். லீயின் பாணியை அவருடைய ரசனை மட்டும் உருவாக்கவில்லை, இந்த நிலைமைக்கும் அதில் பங்கு உண்டு.

ஹோ ஷியாவ்-ஷியென் படம் எல்லாமே இவர் எடுத்ததுதானா?

இல்லை. இந்தத் தவறான தகவல் நிறையவே சுற்றுகிறது. ஹோவின் ஆரம்பப் படங்களுக்கு சென் குன்-ஹோ ஒளிப்பதிவு செய்தார். வெனிஸ் திரைப்பட விழாவின் உயர்ந்த பரிசான தங்கச் சிங்கம் வென்ற 'எ சிட்டி ஆஃப் சேட்னஸ்' (1989) சென் ஹுவாய்-என் எடுத்தது. அதை லீயின் கணக்கில் எழுதுவது சென் ஹுவாய்-என்னுக்குச் செய்யும் அநியாயம்.

லீ சேர்ந்தது 'எ டைம் டு லிவ், எ டைம் டு டை' (1985) படத்தில். ஹோவின் சொந்த இளமைக்கால நினைவுகள் அவை. அவர் வளர்ந்த ஃபெங்ஷான் ஊரிலேயே எடுத்தார்கள். அடுத்து 'டஸ்ட் இன் தி விண்ட்' (1986). சில ஆண்டுகள் இடைவெளிக்குப் பிறகு 'தி பப்பெட்மாஸ்டர்' (1993), அப்புறம் 'குட்பை சவுத், குட்பை' (1996) தொடங்கி 'தி அசாசின்' (2015) வரை ஹோவின் முழுநீளப் படங்கள் அனைத்திலும் இவர் கேமரா உண்டு ('குட்பை சவுத், குட்பை'யில் மட்டும் சென் ஹுவாய்-என்னோடு சேர்ந்து).

'இயற்கை ஒளி மாஸ்டர்'னு சொல்றாங்களே, லைட்டே போடாம எடுக்கிறவரா?

நான் அதிகம் கேட்ட கேள்வி இதுதான், அதிகமாகத் தப்பாகப் புரிந்துகொள்ளப்பட்டதும் இதுதான். லீ லைட் போடுவார். அந்த இடத்தில் ஏற்கெனவே என்ன வெளிச்சம் இருக்கிறது, அது எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது, எவ்வளவு நேரம் இருக்கும் என்பதைப் பார்த்துவிட்டு, அதற்கு ஒத்துப்போகும்படி போடுவார். அதோடு சண்டைபோட மாட்டார்.

ஒரு அறையை எடுத்துக்கொள்ளுங்கள். உள்ளே மங்கல், ஜன்னலுக்கு வெளியே சுள்ளென்ற வெயில். நம் கண் இரண்டையும் சமாளித்துவிடும், ஃபிலிமால் முடியாது. முகத்துக்கு ஏற்றபடி எக்ஸ்போஷர் (ஃபிலிமில் விழவிடும் வெளிச்சத்தின் அளவு) வைத்தால் ஜன்னல் வெளுத்துப்போகும், வெளியே இருப்பதற்கு ஏற்றபடி வைத்தால் முகம் கறுத்துவிடும். வழக்கமாக என்ன செய்வார்கள்? உள்ளே பெரிய லைட்டுகளைக் கொண்டுவந்து வெளிச்சத்தை ஏற்றி, இரண்டையும் சமன் செய்வார்கள். அறை தெளிவாகத் தெரியும், ஆனால் அது அந்த அறையாக இருக்காது. லீ நடுவில் ஓரிடத்தைத் தேர்ந்தெடுப்பார். முகத்தில் பாதி இருளில் இருந்தாலும் சரி என்று விடுவார். ஜன்னல் கொஞ்சம் வெளுத்தாலும் விட்டுவிடுவார். எதைத் தெரியாமல் விடலாம் என்று முடிவெடுக்கும் அந்தத் துணிச்சல்தான் அவருடைய கலை என்று நான் நம்புகிறேன்.

இன்னொன்று, 'இருக்கிற வெளிச்சம்' என்றால் சூரியன் மட்டும்தான் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 'மில்லெனியம் மாம்போ' (2001) தொடக்கத்தில் நடிகை ஷூ ச்சி தைவானின் கீலுங் நகரத்து நடைமேம்பாலத்தில் நடந்துபோகிற ஷாட்டைப் பாருங்கள். மேலே கூரையில் வரிசையாக டியூப்லைட். ஒவ்வொரு விளக்கையும் கடக்கும்போது அவர் மேல் வெளிச்சம் விழுந்து விலகும். அவர் முன்னால் போகிறார், திரும்பிப் பார்க்கிறார், கேமரா பின்னாலேயே போகிறது. டியூப்லைட் வெளிச்சத்தை அழகு என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஆனால் ஒரு தலைமுறையின் இரவு முழுவதும் அந்த ஒரே ஷாட்டில் இருக்கிறது.

அப்ப 'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' எப்படி? அது முழுக்க எண்ணெய் விளக்குலயே எடுத்த மாதிரி இருக்கே!

1998-இல் வந்த இந்தப் படம் மேலே சொன்னதற்குச் சரியான எடுத்துக்காட்டு. 1880-களின் ஷாங்காயில் கணிகையர் இல்லங்களில் நடக்கும் கதை. ஷாங்காயில் எடுக்க அனுமதி கிடைக்காமல் தைவானில் செட் போட்டு எடுத்தார்கள். ஒரு காட்சிகூட வெளியில் கிடையாது. ஆகவே அதில் இயற்கை ஒளி என்று எதுவுமே இல்லை, முழுக்க உருவாக்கிய வெளிச்சம்.

ஆனால் திரையில் தெரியும் ஒவ்வொரு வெளிச்சத்துக்கும் அந்த அறைக்குள்ளேயே ஒரு காரணம் இருக்கிறது. மேசை மேல் எண்ணெய் விளக்கு, அதைச் சுற்றி மஞ்சள் வட்டம், அந்த வட்டத்தின் விளிம்பில் பட்டுத்துணியின் மினுமினுப்பு, அதற்கப்பால் இருட்டு. விளக்கு மட்டும் தரும் ஒளி ஃபிலிமுக்குப் போதாது, எனவே செயற்கை ஒளியும் உண்டு. அது விளக்கிலிருந்து வருவது போலவே நடந்துகொள்கிறது. நாமும் அந்தக் கதவடைத்த வீட்டில் அடைபட்டுவிட்ட உணர்வு வருகிறதே, அதில் நடிகர்களுக்கு எவ்வளவு பங்கோ அவ்வளவு பங்கு இந்த இருட்டுக்கும் உண்டு.

ஷாட் ஏன் இவ்வளவு நீளம்? கட் பண்ணவே மாட்டாங்களா?

'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' கிட்டத்தட்ட இரண்டு மணி நேரப் படம், மொத்தம் நாற்பது ஷாட்டுகூட இல்லை. முதல் ஷாட் மட்டும் ஏறக்குறைய எட்டு நிமிடம். மேசையைச் சுற்றி ஆண்கள் குடித்துக்கொண்டு, விரல்களை நீட்டி விளையாடிக்கொண்டு, ஊர்க்கதை பேசிக்கொண்டிருக்கிறார்கள். டோனி லியூங் மட்டும் பேசாமல் உட்கார்ந்திருக்கிறார். அவர்தான் கதாநாயகன் என்று கேமரா சுட்டிக்காட்டுவதில்லை. நாமே கண்டுபிடிக்க வேண்டும், கண்டுபிடிக்க நேரமும் கொடுக்கிறது.

ஹோ நடிகர்களை அதிகம் ஒத்திகை பார்க்க வைப்பவர் இல்லை. நிலைமையைச் சொல்லிவிட்டு விட்டுவிடுவார், வசனம் அங்கேயே பிறக்கும். இந்த முறையில் க்ளோசப், ரியாக்ஷன் என்று துண்டு துண்டாகப் பிரித்தால் உயிர் போய்விடும்.

கேமரா ஏன் சும்மா நிக்காம மெல்ல மெல்ல அசைஞ்சுகிட்டே இருக்கு?

எல்லாப் படத்திலும் அப்படி இல்லை. 1980-களின் படங்களில் கேமரா பெரும்பாலும் அசையாது. வாசல், அதற்கு உள்ளே இன்னொரு வாசல், தூரத்தில் மனிதர்கள் என்று இருக்கும். 'தி பப்பெட்மாஸ்டர்' அதன் உச்சம். பொம்மலாட்டக் கலைஞர் லீ தியென்-லுவின் வாழ்க்கை. இரண்டேகால் மணி நேரத்துக்கும் அதிகமான படம், சுமார் நூறு ஷாட்டுகள்தான்.

'குட்பை சவுத், குட்பை'யில்தான் கேமரா புறப்படுகிறது. ரயிலின் முனையில், மோட்டார் சைக்கிளுக்கு முன்னால், காருக்குள் என்று ஓடும். அடுத்து 'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' வந்தபோது அந்த ஓட்டம் நின்று நிதானமான மிதப்பாக மாறியது. முந்தைய பதிலில் சொன்ன ஒத்திகையில்லாத முறையை இங்கே சேர்த்துப் பாருங்கள். யார் எப்போது பேசுவார், யார் எழுந்து போவார் என்று தெரியாது. அசையாமல் நிற்கும் கேமரா திடீரென்று திரும்பினால் கண்ணை உறுத்தும். ஏற்கெனவே மெதுவாக அசைந்துகொண்டிருக்கும் கேமரா எந்தப் பக்கம் போனாலும் உறுத்தாது. லீயின் அந்த அசைவு வெறும் அழகுக்காகச் செய்ததில்லை, நடிகரைக் கவனித்துக்கேட்பதற்கான வழி அது. சில நேரம் பேசுகிறவரை விட்டுவிட்டு, கேட்டுக்கொண்டிருப்பவரிடம் போய் நின்றுவிடும். அந்த இடங்களைத் தேடிப் பாருங்கள்.

'இன் தி மூட் ஃபார் லவ்' எடுத்தது கிறிஸ்டோபர் டாயிலா, லீயா? ஆளுக்கொரு பேர் சொல்றாங்க.

இருவரும். படத்தின் இயக்குநர் வோங் கார்-வாயின் படப்பிடிப்புகள் முழுத் திரைக்கதை இல்லாமல் நீண்டுகொண்டே போகும். இந்தப் படம் ஓராண்டுக்கும் மேல் இழுத்தது. ஆரம்பித்தவர் டாயில். நடுவில் அவர் விலக, லீ வந்து தொடர்ந்தார். 1960-களின் ஹாங்காங் தெருக்கள் நிஜ ஹாங்காங்கில் மிச்சமில்லாததால் பெருமளவு பாங்காக்கில் எடுத்தார்கள்.

2000-இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் தொழில்நுட்பப் பரிசு டாயில், லீ, கலை இயக்குநரும் படத்தொகுப்பாளருமான வில்லியம் சாங் ஆகிய மூவருக்கும் சேர்த்துக் கொடுக்கப்பட்டது. தைவானின் கோல்டன் ஹார்ஸ் ஒளிப்பதிவு விருதும் அந்த ஆண்டு டாயிலுக்கும் லீக்கும் சேர்ந்தே கிடைத்தது. எனவே டாயிலின் படம் என்று மட்டும் எழுதுவது தவறு, லீதான் உண்மையான ஆள் என்று மல்லுக்கட்டுவதும் தவறு.

எந்த ஷாட் யாரோடதுன்னு பார்த்தே சொல்ல முடியுமா?

முடியும் என்று சொல்பவர்களை நம்பாதீர்கள். டாயில் பரபரப்பானவர், லீ நிதானமானவர் என்ற சூத்திரத்தை வைத்துக்கொண்டு பிரிக்கப் பார்ப்பார்கள். 'சங்கிங் எக்ஸ்பிரஸ்' போன்ற படங்களைப் பார்த்தால் டாயிலின் கேமரா கையிலேயே துள்ளுவது உண்மைதான். ஆனால் இந்தப் படத்தில் இருவருமே வோங்குக்கும் வில்லியம் சாங்கின் வண்ணங்களுக்கும் அடங்கி வேலை செய்திருக்கிறார்கள். இரண்டு கைகள் மாறியும் தையல் தெரியவில்லை. வேறொருவர் வகுத்த தோற்றத்துக்குள் பாதியில் நுழைந்து, தன் முத்திரையைக் குத்தாமல் வேலையைத் தொடர்ந்தது பெரிய தொழில்திறமை. அதற்காகவே லீயை நான் இன்னும் கூடுதலாக மதிக்கிறேன்.

'தி அசாசின்' ஏன் சதுரமா இருக்கு? அந்த மலை மேல வர்ற பனி கிராஃபிக்ஸா?

படத்தின் பெரும்பகுதி பழைய அகாடமி ரேஷியோவில், அதாவது இன்றைய அகலத் திரைக்குப் பதிலாகக் கிட்டத்தட்ட சதுரமான சட்டத்தில் இருக்கிறது. வாள்வீச்சுப் படம் என்றால் அகலம் வேண்டும் என்று எல்லோரும் நினைப்போம். ஆனால் இந்தச் சட்டத்தில் மலையின் உயரமும் மரங்களின் உயரமும் முழுசாகக் கிடைக்கின்றன, மனிதர் நடுவில் சின்னதாக நிற்கிறார். சீனாவின் டாங் வம்சக் காலக் கதை. தைவான், சீனா, ஜப்பான் மூன்றிலும் 35 மி.மீ. ஃபிலிமில் எடுத்தார்கள்.

அரண்மனைக் காட்சிகளில் கேமராவுக்கும் நடிகர்களுக்கும் நடுவே பட்டுத் திரைச்சீலைகள் காற்றில் ஆடும். முகம் தெளியும், மறையும், மெழுகுவர்த்தி ஒரு புள்ளியாகக் கரையும். ஒளிந்திருந்து பார்க்கும் கொலையாளியின் பார்வை அது என்பது கொஞ்சம் தாமதமாகத்தான் நமக்கு உறைக்கும். அப்புறம் அந்த மலை: துறவியும் அவருடைய சீடப்பெண்ணும் பாறை மேல் நிற்கும்போது கீழிருந்து மூடுபனி ஏறிவந்து பின்னணியையே விழுங்கிவிடும். அது நிஜப் பனி. திட்டமிட்டு வரவழைத்ததும் இல்லை. இந்த மாதிரித் தருணங்களை அதிர்ஷ்டம் என்று சொல்லித் தள்ளிவிட முடியாது. அந்த இடத்தில், கேமராவை ஓடவிட்டபடி, வெட்டாமல் காத்திருக்கிறவர்களுக்குத்தான் இது கிடைக்கும்.

இயக்குநர் ஹோ இல்லேன்னா லீ இவ்வளவு பெரிய ஆளா இருப்பாரா? எல்லாம் டைரக்டர் பெருமைதானே?

நியாயமான கேள்வி. ஹோ இல்லாத லீயைப் பார்த்தால்தான் பதில் கிடைக்கும். 'ஸ்பிரிங்டைம் இன் எ ஸ்மால் டவுன்', ஃபெய் மு 1948-இல் எடுத்த படத்தின் மறுஆக்கம். போரில் இடிந்த வீடு, நோயாளிக் கணவன், மனைவி, பழைய காதலன். சட்டகத்துக்குள் மூவரும் எவ்வளவு தள்ளி நிற்கிறார்கள் என்பதே கதை. டிரான் ஆன் ஹுங்கின் 'தி வெர்டிகல் ரே ஆஃப் தி சன்' (2000) ஹனோயில் எடுத்தது, பச்சையும் ஈரமும் ததும்பும். இரண்டும் ஒரே ஆள் எடுத்தவை என்று தோன்றவே தோன்றாது.

ஆனால் என்னைக் கேட்டால் 'கிராஸ்கரன்ட்' (2016) படத்தைத்தான் சான்றாகச் சொல்வேன். யாங் சாவ் இயக்கியது. ஒரு சரக்குப் படகு யாங்சி ஆற்றை எதிர்த்து மேலே போகிறது. கதை பல இடங்களில் பிடிகொடுக்காது, கொஞ்சம் பாரமாகவும் இருக்கும். ஆனால் குளிர்காலத்து ஆற்றின் அந்தச் சாம்பல் நீலத்தை ஃபிலிமில் அவர் பிடித்திருக்கும் விதம் படத்தைக் காப்பாற்றுகிறது. பெர்லின் விழாவில் கலைப் பங்களிப்புக்கான வெள்ளிக் கரடி, அந்த ஒளிப்பதிவுக்காக லீக்கே கிடைத்தது.

மொழி தெரியாத நாட்டுல எப்படி வேலை செஞ்சார்?

ஜப்பானில் அந்நாட்டு இயக்குநர் ஓசுவின் பிறந்த நூற்றாண்டையொட்டி ஹோ எடுத்த 'கஃபே லூமியேர்' (2003), யுகிசாதா இசாவோவின் 'ஸ்பிரிங் ஸ்னோ' (2005), கோரே-எடாவின் 'ஏர் டால்' (2009). பிரான்சில் ஹோவின் 'ஃப்ளைட் ஆஃப் தி ரெட் பலூன்' (2007), ஜில் போர்டோஸின் 'ரெனுவா' (2012). பட்டியலைப் பார்த்தாலே தெரியும், மொழி அவரைத் தடுக்கவில்லை.

வசனம் புரியாவிட்டாலும் உடல் திரும்புவதும் மூச்சு மாறுவதும் தெரியும். கேமராவின் அசைவு பற்றிய பதிலில் சொன்ன முறைக்கு அது போதும்.

விருது என்னென்ன?

கோல்டன் ஹார்ஸ் ஒளிப்பதிவு விருது 1993-இல் 'தி பப்பெட்மாஸ்டர்' படத்துக்கு, 2000-இல் டாயிலோடு சேர்ந்து, 2015-இல் 'தி அசாசின்' படத்துக்கு. கான், பெர்லின் பரிசுகளை மேலே சொல்லியாகிவிட்டது. பட்டியல் இதோடு முடியாது, முக்கியமானவை இவை.

அவரைப் பற்றி 'லெட் தி விண்ட் கேரி மீ' என்ற ஆவணப்படமும் இருக்கிறது. சியாங் ஷியு-சியுங், குவான் புன்-லியூங் இருவரும் எடுத்தது. குவானும் ஒளிப்பதிவாளர். ஊர் ஊராகப் போகும் வேலையில் குடும்பத்தை விட்டு எவ்வளவு காலம் விலகி இருக்க வேண்டியிருக்கிறது என்பதை அந்தப் படம் மறைக்காமல் காட்டுகிறது.

ஹோவும் இவரும் மறுபடி சேர்ந்து படம் பண்ணுவாங்களா?

அந்த வாய்ப்பு முடிந்துவிட்டது. ஹோவுக்கு அல்சைமர் நோய் இருப்பதால் அவர் ஓய்வு பெற்றுவிட்டதாக 2023 அக்டோபரில் குடும்பத்தார் அறிவித்தார்கள். இருவரும் சேர்ந்த கடைசி முழுநீளப் படமாக 'தி அசாசின்' நின்றுவிட்டது. இதைக் கேள்விப்பட்ட நாளில் வருத்தமாக இருந்தது, இன்றும் அப்படித்தான்.

போன்ல பார்த்தா ஒரே இருட்டா இருக்கு, ஒண்ணும் தெரியலையே?

படத்தின் குறை இல்லை, பார்க்கும் விதத்தில் சிக்கல். பழைய டிவிடியிலிருந்து எடுத்த பிரதிகளில் இருட்டுப் பகுதிகள் ஒரே கறுப்புக் கட்டியாக உறைந்துபோயிருக்கும். 'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' 4கே-யில் புதுப்பிக்கப்பட்டிருக்கிறது, தேடினால் அதையே தேடுங்கள். அறை விளக்கை அணைத்துவிட்டு, போனின் பிரைட்னஸை ஏற்றுவதற்குப் பதில் பெரிய திரையில் பாருங்கள். இரண்டு மூன்று நிமிடத்தில் கண் பழகிவிடும், சுவரில் இருக்கும் மரவேலைப்பாடுகூடத் தெரிய ஆரம்பிக்கும்.

முதல்ல எந்தப் படம் பார்க்கணும்?

'டஸ்ட் இன் தி விண்ட்'. நூறு சொச்சம் நிமிடம்தான், கதையும் எளிது: மலைக்கிராமத்துப் பையனும் பெண்ணும் தைபேக்கு வேலைக்குப் போகிறார்கள், பையன் ராணுவச் சேவைக்குப் போக நேர்கிறது. தொடக்கத்தில் ரயில் குகைக்குள் போய்ப் பச்சைக்குள் வெளிவரும். அது பிடித்துவிட்டால் 'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்', பிறகு 'மில்லெனியம் மாம்போ'. 'தி அசாசின்' படத்தில் தொடங்காதீர்கள். யார் யாருக்கு என்ன உறவு என்று குழம்பி, வெளிச்சத்தைப் பார்க்க மறந்துவிடுவீர்கள்.

நான் ஒளிப்பதிவு கத்துக்கிறேன். இவர்கிட்ட இருந்து என்ன எடுத்துக்கலாம்?

லென்ஸ் பட்டியலையும் ஃபில்டர் பட்டியலையும் தேடி அலைய வேண்டாம். உங்கள் வீட்டில் ஓர் அறையைத் தேர்ந்தெடுத்து, லைட் போடாமல் காலை, மதியம், விளக்கு வைக்கிற நேரம் மூன்றிலும் ஒருவரை ஒரே இடத்தில் உட்கார வைத்து எடுங்கள். ஐ.எஸ்.ஓ-வை (வெளிச்சத்துக்குக் கேமரா காட்டும் உணர்திறனை) ஆட்டோவில் விடாதீர்கள், நீங்களே முடிவு செய்யுங்கள். முகத்தில் எவ்வளவு தெரிய வேண்டும், எவ்வளவு தெரியாமல் இருக்கலாம் என்று ஒவ்வொரு முறையும் எழுதி வையுங்கள்.

அப்புறம் அதே இடத்தில் ஒரே ஒரு சின்ன லைட் சேர்த்து, பார்க்கிறவருக்கு அது தெரியாதபடி எடுத்துப் பாருங்கள். லைட் எங்கே இருந்தது என்று நண்பரிடம் கேளுங்கள். அவர் ஜன்னலைக் காட்டினால் சரியாக வைத்திருக்கிறீர்கள்.